தனிநிலை

படி இறங்கும் விதத்தில்தான் ஆளைப் பிடித்தேன்.
சுகததாச அரங்கின் ஊடகக் கூண்டிலிருந்து
கீழே தேநீர் மேசைக்குப் பதினாறு படிகள்.
வலது காலை மடக்காமல்
நண்டைப்போலப் பக்கவாட்டில் இறங்கினார் வெள்ளைக்காரர்.
நானும் அப்படித்தான் இறங்குவேன்.
எனக்கு இடது.

"எந்த இடத்தில் விளையாடினீர்கள்?"
"வலப்பக்கப் பின்வரிசை" என்று
முழங்காலைத் தட்டிக் காட்டினார்,
ஆளில்லாத வீட்டுக் கதவைத் தட்டுவதுபோல.

பிறெபென் டால்கோர்.
வந்திருந்த அணியின் பயிற்சியாளர் அவருடைய ஊராம்.
அதற்காக நாலு பத்தி எழுத
டென்மார்க்கிலிருந்து இத்தனை தூரம்.
மீன் வாடை அடிக்கும் துறைமுகம் எங்களது, என்றார்.
முகத்துவாரம் மாதிரி, என்றேன்.
போய்ப் பார்த்தவர்போலத் தலையாட்டினார்.

மழை.
ஆட்டம் முக்கால் மணி பிந்தியது.
ப்ளேன்டீயும் ஆறிய மாலு பாணும் தின்றபடி
ஒரு மனிதரின் முழுக் கணக்கையும் கேட்டு முடித்தேன்:
இரண்டாம் பிரிவில் இருநூற்றுப் பதினொரு ஆட்டங்கள்,
கோல் மூன்று, அதிலொன்று சொந்த வலைக்குள்
("அதுதான் அழகானது, அதையும் சேர்த்துக்கொள்")
தேசிய அணிக்கு ஒரேயொரு அழைப்பு,
தொண்ணூறு நிமிடமும் வாங்கில்.
வியர்வை அறியாத அந்தச் சட்டையை
மனைவி ஜன்னல் துடைக்கக் கேட்டாள்.
கொடுக்கவில்லை.
பதினொரு வருடம் கழித்துக் கொடுத்தார்.

பிறகு பத்திரிகை.
அங்கே ஒவ்வொரு வீரனுக்கும் பத்துக்கு இத்தனை என்று
புள்ளி போடுவார்களாம்.
முதல் மாதமே,
ஆறு ஆண்டுகள் ஒரே அறையில் படுத்தெழும்பிய நண்பனுக்கு
இரண்டு போட்டார்.
"உண்மையில் ஒன்றுதான் போட்டிருக்க வேண்டும்."
நண்பன் பேச்சை நிறுத்தினான்.
எட்டு வருடம் கழித்து ஒரு தபாலட்டை வந்தது:
இன்றைய உன் கட்டுரைக்கு, மூன்று.

அவர் திரையில் ஒரு எழுத்து,
வட்டத்தைக் குறுக்கே வெட்டியிருந்தது.
"பந்தை ஏன் அடித்துவிட்டீர்கள்?"
சிரித்தார்.
என் திரையில் ஃபிஃபா தரவரிசை.
விரல் வைத்துக் கேட்டார்:
"இது என்ன, முன்னுக்கு ஒருவன், பின்னுக்கு இருவர்?"
ஆய்தம்.
உயிருமில்லை, மெய்யுமில்லை,
இரண்டு பட்டியலிலும் சேராது.
எந்த ஆங்கிலத்தில் சொன்னேனோ தெரியாது,
அவர் நெடுநேரம் மைதானத்தையே பார்த்திருந்தார்.

எண்பத்தெட்டாவது நிமிடம்.
எங்கள் இடப்பின்வரிசையில் நுஸ்கி,
கிண்ணியாப் பையன், இரண்டாவது ஆட்டம்,
திரும்பும்போது சேற்றில் கால் போய்விட்டது.
பூச்சியம் ஒன்று.
விழுந்த இடத்தில் எழும்பாமல் கிடந்தான்,
புல்லைப் பிடித்துக்கொண்டு.

எனக்கு அந்தப் புல்லைத் தெரியும்.
கொட்டாஞ்சேனைக் கழகத்துக்கு ஆடிய காலம்,
இறுதியாட்டம், இதே மூலை.
மறுநாள் தலைப்பில் என் பெயர், நாலு பத்தி அகலத்துக்கு.
அதை எழுதியவர் ஓய்வுபெற்றபோது
அவருடைய நாற்காலிக்குத்தான் என்னை எடுத்தார்கள்.
ஒரு கால் கொஞ்சம் ஆடும். அடியில் பேப்பர் மடித்து வைத்திருக்கிறேன்.

கைப்பேசி.
"மோத்தா அண்ணன், பத்தரைக்குப் பக்கம் போகுது.
தலைப்பு என்ன, யாருடைய பிழை?"
"மழை."
"மழைக்கு எத்தனையாம் இலக்கம்?"

நுஸ்கி வழுக்கினான் என்று அடித்து
அழித்து
திரும்ப அடித்தேன்.
நடந்தது நடந்ததுதானே.
தலைப்பில் போடவில்லை, ஏழாவது வரியில் போட்டேன்.
பக்கத்தில் டால்கோர் புள்ளிகள் போட்டுக்கொண்டிருந்தார்.
எங்கள் பையனுக்கு எத்தனை என்று
எட்டிப் பார்க்கவில்லை. அவரும் மறைக்கவில்லை.

விளக்குகளைப் பாதி அணைத்துவிட்டார்கள்.
படிகளில் அவர் வலது கைப்பிடி,
நான் இடது,
பழக்க தோஷம், நடுவில் இடம் விட்டு.
தேநீர்ப் பையன் காலிக் கேத்தலைத் தூக்கிக்கொண்டு
எங்களுக்கிடையால் பாய்ந்து
முன்னே ஓடினான்.